மிக்-21 ஓட்டியவர் விண்வெளிக்குப் போன கதை: கேட்டீர்கள், சொல்கிறேன்

விண்வெளிக்குப் போன முதல் இந்தியர் ராகேஷ் சர்மாவைப் பற்றிக் கேள்விகள் குவிந்துவிட்டன. முடிந்தவற்றுக்குப் பதில் இதோ.

கே: விமானப்படைக்கு எப்படி வந்தார்?

1949இல் பாட்டியாலாவில் பிறந்து ஹைதராபாத்தில் படித்தவர். 1966இல் தேசிய பாதுகாப்பு அகாடமியில் சேர்ந்தார், 1970இல் விமானி ஆனார். மறு வருடமே பாகிஸ்தானுடன் போர். மிக்-21 போர் விமானத்தில் 21 முறை போருக்குப் பறந்தபோது அவருக்கு வயது 22. அப்புறம் டெஸ்ட் பைலட், அதாவது விமானங்களை ஓட்டிச் சோதித்துப் பார்ப்பவர். என்னைக் கேட்டால், விண்வெளிக்கு வழி விட்டது போரைவிட இந்த வேலைதான்.

கே: ஏன் டெஸ்ட் பைலட்? நன்றாக ஓட்டத் தெரிந்தால் போதாதா?

போதாது. விமானம் முரண்டு பிடிக்கும்போதும் அது என்ன செய்கிறது என்று நிதானமாகக் கவனித்து, இறங்கியதும் பொறியாளருக்குப் புரியும்படி சொல்ல வேண்டும். விண்கலத்திலும் அதேதான் வேலை. மனிதரை விண்வெளிக்கு அனுப்பும் இந்தியாவின் ககன்யான் திட்டத்துக்கு 2024இல் அறிவித்த நான்கு பேருமே டெஸ்ட் பைலட்டுகள். அவர்களில் அஜித் கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர்.

கே: பயிற்சி ரொம்பக் கடுமையா?

பெங்களூருவில் 72 மணி நேரம் ஓர் அறையில் பூட்டி வைத்தார்கள், அடைபட்ட இடத்தில் பயம் வருகிறதா என்று பார்க்க. போகப்போவது சோவியத் விண்கலத்தில், அதனால் அடுத்து மாஸ்கோ பக்கத்தில் விண்வெளி வீரர்கள் பயிற்சி எடுக்கும் ஸ்டார் சிட்டி. பாடமெல்லாம் ரஷ்ய மொழியில், அதனால் முதலில் தினமும் ஆறேழு மணி நேரம் மொழிப் பாடம். விண்கலத்துக்குள்ளே ஒவ்வொரு பொத்தானும் ரஷ்ய மொழியில் இருக்கும்போது வேறு வழி?

எனக்குப் பிடித்தது அந்த சோயுஸ் விண்கலத்தின் இருக்கை. ஒவ்வொருவர் முதுகுக்கும் தனியாக அச்சு எடுத்து வார்ப்பார்கள், தையல்காரர் அளவெடுப்பது மாதிரி. எடையில்லாத நிலையில் முதுகெலும்பு நீளும் என்பதால் தலைப்பக்கம் கொஞ்சம் இடமும் விடுவார்கள். பூமிக்குத் திரும்பும்போது பாராசூட்டில் வந்தாலும், தரைக்கு ஒரு மீட்டருக்கும் குறைவான உயரத்தில் சின்ன ராக்கெட்டுகள் எரிந்து வேகத்தைக் குறைத்தாலும், அடி விழத்தான் செய்யும். முதுகைக் காப்பது அந்த வார்ப்புதான்.

கே: மேலே என்ன செய்தார்?

1984 ஏப்ரல் 3 அன்று சோவியத் வீரர்கள் மாலிஷேவ், ஸ்ட்ரெகாலோவ் இருவரோடு சோயுஸ் டி-11இல் கிளம்பி, சல்யூட்-7 விண்வெளி நிலையத்தில் தங்கி, 11ஆம் தேதி திரும்பினார். இந்தியாவைப் படம் எடுத்தார், உடலியல் சோதனைகள் செய்தார், எடையின்மையைச் சமாளிக்க யோகா உதவுமா என்றும் பார்த்தார். ‘இந்தியா எப்படித் தெரிகிறது?’ என்று பிரதமர் இந்திரா காந்தி கேட்க, ‘ஸாரே ஜஹான் ஸே அச்சா’ (உலகத்திலேயே சிறந்தது) என்றாரே, அதுவும் அப்போதுதான்.

கே: கூடப் பயிற்சி எடுத்த இன்னொருவர்?

ரவீஷ் மல்ஹோத்ரா. பதவியில் மூத்தவர், அதே பயிற்சி, அதே ரஷ்ய மொழி. மாற்று வீரராகத் தரையிலேயே நின்றார். பள்ளிப் புத்தகங்களில் அவர் பெயரைத் தேடினாலும் கிடைப்பது அபூர்வம், எனக்கு இதில் வருத்தம் உண்டு.

கே: திரும்பி வந்து பிரபலமாகவே இருந்துவிட்டாரா?

அசோக சக்ரா என்ற வீர விருது கிடைத்தது. ஊர் ஊராகப் பாராட்டு விழா, கையெழுத்து. சரி, அதெல்லாம் கொஞ்ச காலம். 1987இல் விங் கமாண்டராக ஓய்வு பெற்று, விமானம் தயாரிக்கும் எச்ஏஎல் நிறுவனத்தில் தலைமை டெஸ்ட் பைலட்டாக நாசிக் போனார், மறுபடியும் விமானம் ஓட்ட. விண்வெளியில் இருந்தது எட்டு நாள்கூட நிறையவில்லை, விமானத்தோடு கழித்ததோ முப்பது வருடத்துக்கு மேல்.

கே: குன்னூரில் இருக்கிறாராமே, நிஜமா?

நிஜம்தான். ஓய்வுக்கு நம் நீலகிரியைத் தேர்ந்தெடுத்தவர். அங்கே கோல்ஃப் ஆடுகிறார்.