உங்க நம்பர் யார் கையில? டேட்டா புரோக்கர் பத்தி கேள்வி பதில்

வணக்கம். கோவைல ஒரு கால் சென்டர்ல 9 வருஷம் லிஸ்ட் வாங்கி, சுத்தம் பண்ணி, டெலிகாலருக்கு பிரிச்சு குடுக்கற வேலைல இருந்தேன். இப்ப குன்னூர்லயே இருக்கேன். போன வாரம் கேள்வி கேளுங்கன்னு சொன்னேன், வந்ததுல முடிஞ்ச வரைக்கும் பதில் எழுதிட்டேன்.

வெலிங்டன்ல இருந்து: அக்கா, டேட்டா புரோக்கர்னா ஹேக்கர் தானே?

இல்ல தம்பி. ஹேக்கர் பூட்டை உடைக்கறவன். புரோக்கர் நாம அங்கங்க நம்ம கையாலயே குடுத்ததை பொறுக்கி ஒண்ணா கோத்து விக்கறவன், கோக்கற நூலு நம்ம போன் நம்பர். ஜவுளிக்கடைல ஒரு நம்பர், ஸ்கேன் சென்டர்ல அதே நம்பர், ஸ்கூல் அட்மிஷன் ஃபார்ம்லயும் அதே நம்பர்னா மூணும் ஒரே வரில வந்து உக்காந்துடும். ஒரு நாள் எனக்கு வந்த எக்செல் ஷீட்ல சும்மா 643101னு நம்ம பின்கோடு போட்டு ஃபில்டர் பண்ணேன், எங்க தெரு ஆளுங்க வரிசையா வந்தாங்க, பேரு, நம்பர், வண்டி மாடல், வீட்ல குழந்தை உண்டா, கடைசியா நகை வாங்கின மாசம். அதுல எங்கம்மா பேரும் இருந்துச்சு, ஒரு நகைக்கடை பில்லுல எந்த எழுத்து தப்பா அடிச்சிருந்தாங்களோ அதே தப்போட. எந்த கடைல இருந்து கெளம்பி என் டேபிளுக்கு வந்துச்சுன்னு அந்த ஒரு எழுத்து சொல்லிடுச்சு. அதுக்கப்புறம் எனக்கு அந்த வேலைல கை ஓடல.

கேத்தில இருந்து: வண்டி இன்சூரன்ஸ் முடியற வாரம் கரெக்டா போன் வருதே, எப்படி?

இது நல்ல கேள்வி, கொஞ்சம் விரிவாவே சொல்றேன். இன்சூரன்ஸ் எடுத்து குடுத்த ஏஜென்ட், ஷோரூம், சர்வீஸ் சென்டர் எல்லார்கிட்டயும் அந்த தேதி இருக்கு, அது ஒரு வழி. இன்னொரு வழியை அரசாங்கமே தொறந்து வெச்சிருந்துச்சு. 2019ல மத்திய போக்குவரத்து அமைச்சகம் மொத்தமா டேட்டா பகிர்றதுக்குன்னு ஒரு கொள்கையே கொண்டு வந்தாங்க, வாகன், சாரதின்னு அரசாங்கத்தோட ரெண்டு டேட்டாபேஸ்லயும் இருக்கற வண்டி விவரம், லைசென்ஸ் விவரத்தை கம்பெனிங்க வருஷத்துக்கு 3 கோடி ரூபா கட்டி வாங்கிக்கலாம். 87 தனியார் கம்பெனியும் 32 அரசு அமைப்பும் பாக்கறாங்க, 65 கோடி வருமானம் வந்திருக்குன்னு அந்த வருஷம் ஜூலைல பார்லிமென்ட்லயே பதில் சொன்னாங்க. அந்தரங்கத்துக்கு ஆபத்துன்னு 2020 ஜூன்ல கொள்கையை ரத்து பண்ணிட்டாங்க. ஆனா வெளிய போன காப்பியை யாரும் திரும்ப வாங்க முடியாது, வண்டி நம்பரும் ஓனர் பேரும் மாறாத வரைக்கும் அந்த ஷீட்டுக்கு வெலை இருந்துட்டே இருக்கும்.

அருவங்காட்டுல இருந்து: என் நம்பர் எங்கிருந்து போச்சுன்னு கண்டுபிடிக்க முடியுமா?

பழசு எங்கிருந்து போச்சுன்னு முடியாது. இனிமே போறதை முடியும். எங்கம்மா பேர்ல இருந்து கத்துக்கிட்டதுதான், ஒவ்வொரு கடைக்கும் பேரோட ஒரு இனிஷியல் மாத்தி குடுங்க, எந்த கடைக்கு எதுன்னு ஒரு நோட்ல எழுதி வைங்க. நாளைக்கு யாராவது அந்த இனிஷியலோட கூப்பிட்டா நோட்டை பாத்தா தெரிஞ்சுடும். பேங்க், ஆஸ்பத்திரி, அரசு ஃபார்ம்ல மட்டும் இப்படி பண்ணாதீங்க. அதை விட, பில் போடறப்ப நம்பரே குடுக்காதீங்க. நம்பர் இல்லாம பில் போட மாட்டோம்னு கடைக்காரங்க கட்டாயப்படுத்தக் கூடாதுன்னு 2023 மே மாசம் மத்திய நுகர்வோர் துறையே சொல்லிருச்சு. "நம்பர் வேண்டாம், பில் குடுங்க", அவ்ளோதான், ரெண்டாவது தடவை கேக்க மாட்டாங்க.

கூடலூர்ல இருந்து: ஓடிபி சொல்லி நேத்து ராத்திரி 18 ஆயிரம் போயிடுச்சு.

இதைப் படிக்கறதை விட்டுட்டு இப்பவே சைபர் மோசடி புகார் நம்பர் 1930க்கு அடிங்க, அப்புறம் பேங்குக்கு. லேட் ஆக ஆக பணத்தை நிறுத்தறது கஷ்டம்.

கோத்தகிரி பக்கம் ஒரு ஹட்டில (படுகர் கிராமத்துல) இருந்து: பச்சை தேயிலை வெலை இறங்கினப்ப அப்பா ஒரு ஆப்ல 5 ஆயிரம் கடன் வாங்கினார், இப்ப எங்க சொந்தக்காரங்க எல்லாருக்கும் போன் போட்டு அசிங்கப்படுத்தறாங்க.

முதல்ல அப்பாகிட்ட கோவப்படாதீங்க, தப்பு அவர் மேல இல்ல. கடன் ஆப் உங்க கான்டாக்ட், கால் லாக், போட்டோ எதையும் தொடக் கூடாதுன்னு ஆர்பிஐ 2022லயே சொல்லிருச்சு, அப்ப இவங்க பண்றது அப்பட்டமான மீறல். வர்ற மெசேஜ், கால் எல்லாத்தையும் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துட்டு 1930லயும் சைபர் கிரைம் போர்ட்டல்லயும் புகார் குடுங்க. அதுக்கப்புறம் ஆப்போட பர்மிஷனை எடுத்துட்டு ஆப்பை தூக்குங்க, புகாருக்கு முன்னாடி தூக்கினா ஆதாரம் போயிடும். சொந்தக்காரங்களுக்கு நீங்களே முந்திக்கிட்டு போன் போட்டு விஷயத்தை சொல்லிருங்க. நாம சொல்லிட்டோம்னா அவன் மிரட்டறதுக்கு ஒண்ணும் இருக்காது.

ஊட்டில காட்டேஜ் வெச்சிருக்கற ஒரு அண்ணன்: கெஸ்டோட ஆதார் வாங்கி வெக்கறது தப்புன்னு போன தடவை சொன்னீங்க. போலீஸ் வந்து கேட்டா நான் என்னத்த காட்டுவேன்?

அண்ணா, ஐடி பாக்காதீங்கன்னு நான் சொல்லல. பாருங்க, ரெஜிஸ்டர்ல எழுதுங்க. வாட்ஸ்அப்ல வாங்காதீங்கன்னு சொன்னேன்.

அதே அண்ணன்: சீசன்ல ஒரு நாளைக்கு 20 ரூம். எழுத எனக்கு ஏது ஆளு? எல்லாரும் இப்படித்தான் பண்றாங்க. இ-பாஸுக்கு பேரு, நம்பர், வண்டி எல்லாம் குடுத்துட்டுத்தானே மலை ஏறுறாங்க?

நீலகிரிக்கு வர்ற வண்டிக்கு எடுக்கற இ-பாஸ் ஹைகோர்ட் உத்தரவுல 2024 மே 7ல இருந்து வந்தது, அது அரசாங்கத்துக்கு குடுக்கறது, உங்க ரிசப்ஷன் பையன் போனுக்கு இல்ல. நான் ஒரு காட்டேஜ்ல பாத்ததை சொல்றேன், ரூம் சாவிக்கு காத்திருந்தப்ப அந்த தம்பி எனக்கு ஒரு போட்டோ காட்டணும்னு கேலரியை தள்ளிட்டே போறான், அவன் அக்கா குழந்தை பிறந்தநாள் கேக்கு, அதுக்கு கீழ யாரோட ஆதாரோ, அப்புறம் தொட்டபெட்டா செல்ஃபி, மறுபடி நாலு ஆதாரு. அந்த போனை அவன் வித்தா? வேலையை விட்டு போனா? டாக்ஸி ஏஜென்ட் "இன்னிக்கு யார் யார் வந்திருக்கா"ன்னு கேட்டு அவன் அனுப்பினா?

கோத்தகிரி அக்கா ஒருத்தர்: அண்ணா, போன வருஷம் கொடைக்கானல்ல தங்கிட்டு வந்ததுல இருந்து ஒருத்தன் என் வீட்டு அட்ரஸ் சொல்லி மெசேஜ் பண்ணிட்டே இருந்தான். ரூம்ல குடுத்த ஆதார்தான் வழி. நீங்க ஈஸியா சொல்றீங்க.

காட்டேஜ் அண்ணன்: என் கெஸ்ட்டுக்கு அப்படி நடந்ததில்ல. வேணும்னா என்ன பண்ணணும்னு சொல்லுங்க.

இப்படி கேட்டதுக்கு நன்றிண்ணா. மாஸ்க்டு ஆதார் கேளுங்க, கடைசி 4 நம்பர் மட்டும் தெரியும், ஆதாரோட மொபைல் நம்பர் சேத்திருந்தா கெஸ்ட்டே ஆதார் வெப்சைட்ல எடுத்துக்கலாம். லைசென்ஸ், வோட்டர் ஐடி குடுத்தாலும் வாங்கிக்கோங்க. வாட்ஸ்அப்ல வந்தே ஆகணும்னா காட்டேஜுக்குன்னு தனி போன் வைங்க, ரெஜிஸ்டர்ல ஏத்தினதும் அன்னிக்கே அழிங்க. அக்கா, நீங்க அந்த மெசேஜை அழிக்காம வெச்சு கண்டிப்பா புகார் குடுங்க.

லவ்டேல்ல இருந்து: அக்கா, என் நம்பர் எங்கிருந்து போச்சு?

மேல அருவங்காட்டுக்காரருக்கு சொல்லியாச்சு.

கொடைக்கானல்ல இருந்து: டிஎன்டி (விளம்பர கால் வேண்டாம்னு பண்ற பதிவு) போட்டும் கால் வருதே?

ஸ்டார்ட் 0ன்னு 1909க்கு எஸ்எம்எஸ் அனுப்பறது பதிவு பண்ண டெலிமார்க்கெட்டர் காலைத்தான் நிறுத்தும், அதாவது 140ல ஆரம்பிக்கறது. சாதா 10 டிஜிட் நம்பர்ல கூப்பிடறவன் அந்த கணக்குலயே வர மாட்டான், கால் வந்த 7 நாளுக்குள்ள புகார் பண்ணா நடவடிக்கை உண்டு. பேங்க் பேரை சொல்லி சாதா நம்பர்ல பேசினா கட் பண்ணிட்டு நீங்களே பேங்குக்கு போன் போடுங்க.

பர்லியார்ல இருந்து: என் நம்பர் யார் குடுத்தாங்கன்னு...

மேல பாருங்க. இந்த கேள்வி இது மூணாவது தடவை, இனிமே இதுக்கு பதில் போட மாட்டேன். யார் குடுத்தாங்கன்னு தேடற நேரத்துல அடுத்த கடைல நம்பர் குடுக்காம இருங்க.

கலிஃபோர்னியால இருக்கற நம்ம ஊர் தம்பி: இங்க என் வீட்டு அட்ரஸ் கூகுள்ல வருது, அழிக்க வழி?

உங்களுக்கு இங்க இருக்கறவங்களை விட நல்ல வழி இருக்கு. கலிஃபோர்னியா 2023ல போட்ட டிலீட் ஆக்ட்ங்கற சட்டத்தால, பதிவு பண்ண எல்லா புரோக்கருக்கும் ஒரே விண்ணப்பத்துல அழிக்க சொல்லலாம், 2026 ஜனவரில அதுக்கான தளத்தை தொறந்துட்டாங்க. அங்க வியாபாரம் எவ்ளோ பெருசுன்னா, 2014ல எஃப்டிசிங்கற அமெரிக்க வர்த்தக ஆணையம் 9 புரோக்கரை ஆராஞ்சப்ப ஒருத்தர்கிட்ட மட்டும் ஏறக்குறைய ஒவ்வொரு அமெரிக்கரை பத்தியும் 3000 வகை விவரம் இருந்துச்சு. வேற மாநிலத்துல இருந்தா பெரும்பாலும் ஒவ்வொரு சைட்டா போய்தான் கேக்கணும்.

குன்னூர் பெட்ஃபோர்டுல இருந்து: நம்ம நாட்ல அப்படி சட்டம் இல்லையா? காசு வாங்கிட்டு அழிச்சு தர்றோம்னு ஒரு ஆப் விளம்பரம் வருது, போடலாமா?

ஆப் வேண்டாம், அழிக்கறதுக்குன்னு உங்க நம்பர், மெயில், அட்ரஸ் எல்லாம் நீங்களே ஒரே இடத்துல எழுதி குடுக்கறீங்க. சட்டம் இருக்கு. அந்தரங்கம் அடிப்படை உரிமைன்னு 2017ல சுப்ரீம் கோர்ட்ல 9 நீதிபதிங்க சொன்னாங்க, 2023ல தனிநபர் தரவு பாதுகாப்பு சட்டம் வந்துச்சு, விதிகள் 2025 நவம்பர்ல. ஆனா அழிக்க சொல்லி கேக்கற உரிமை மாதிரி முக்கியமானது எல்லாம் அதுல இருந்து 18 மாசம் கழிச்சு, 2027 மே மாசம்தான் அமலுக்கு வருது. மீறினா 250 கோடி வரைக்கும் அபராதம். ஒரு ஓட்டை இருக்கு, நீங்களே பப்ளிக்கா போட்ட விவரத்துக்கு இந்த சட்டம் பொருந்தாது. அதனால ஃபேஸ்புக்ல நம்பர், பிறந்த தேதி வெளிய தெரியற மாதிரி இருந்தா இன்னிக்கு ராத்திரியே மறைச்சுடுங்க.