அடிக்கிற காட்சி எத்தினை வேணும்?

கேள்வி: அக்கா, கலியாணம் கட்டி கனடா போன ஒரு பிள்ளை ஸ்காபரோவில புருஷனிட்ட அடிவாங்கிறதை வச்சு திரைக்கதை எழுதுறன். தயாரிப்பாளர் அடிக்கிற காட்சி இன்னும் கூட வேணுமாம், அம்மாவோ ‘எங்கட ஆக்களை ஏன் கேவலப்படுத்துறாய்’ எண்டு ஏசுறா. ஆற்ற சொல்லைக் கேக்கிறது?
- வெள்ளவத்தை வாசகி

பதில்: ரெண்டு பேரையும் விடு தங்கச்சி. அடி ஒரு காட்சி காணும், அவள் ஏன் அந்த வீட்டை விட்டு வெளிக்கிடேலாம இருக்கிறாள் எண்டதுதான் கதை. பாஸ்போட் மாமியின்ர அலுமாரிக்குள்ள, சம்பளம் புருஷன்ர எக்கவுண்டுக்கு, ஊருக்கு எடுக்கிற வட்ஸ்அப் கோல் ஸ்பீக்கரில. அம்மா ‘சாப்பிட்டியே’ எண்டு கேக்க இவள் ‘ஓம் அம்மா, சந்தோஷமா இருக்கிறன்’ எண்டுறாள், பக்கத்தில அவன் கிரிக்கெட் பாத்துக்கொண்டு இருக்கிறான். இதுக்கு மேல என்ன வேணும்?

எந்த வருஷத்துக் கதை எண்டதையும் முடிவெடு. 2012 ஒக்ரோபரில இருந்து 2017 ஏப்ரல் வரைக்கும் புதுசா கட்டிப் பிள்ளையில்லாம ஸ்பொன்சரில கனடா போனவை ரெண்டு வருஷம் சோடியா சேர்ந்து இருக்கோணும் எண்டு சட்டம், இல்லாட்டி பீஆர், அதுதான் நிரந்தரமா இருக்கிற உரிமை, பறிபோகலாம். அடிபட்டவைக்கு விலக்கு இருந்ததுதான், ஆனா ஆதாரம் காட்டோணும், ஆங்கிலமும் சரியா வராம வீட்டுக்குள்ளயே கிடக்கிற பிள்ளைக்கு அதை ஆர் போய்ச் சொல்லுறது? ‘திருப்பி அனுப்பிப்போடுவன்’ எண்டு அவன் ஒருக்காச் சொன்னாப் போதும். 2017க்குப் பிறகு நிபந்தனை போயிட்டுது, வெருட்டு போகேல்லை.

அம்மாட்ட கிரண்ஜித் அலுவாலியான்ர கதையைச் சொல்லு. பஞ்சாப்பில இருந்து இங்கிலாந்து போன மனிசி, பத்து வருஷமா அடிவாங்கி 1989இல புருஷனுக்கு நெருப்பு வச்சு, அவன் செத்து, ஆயுள் தண்டனையாப்போச்சு. அப்பீலுக்கு ஓடித்திரிஞ்சு 1992இல வெளியில வர உதவினது சவுத்ஹோல் பிளாக் சிஸ்டர்ஸ் எண்ட லண்டன் பெண்கள் அமைப்பு, அதிலயும் எங்களை மாதிரி ஆசியப் பொம்பிளையள் இருந்தவை. அப்ப கேவலப்படுத்தினது ஆர், காப்பாத்தினது ஆர்?

உன்ர கதையிலயும் கோயில்ல ‘பொறுத்துப்போ பிள்ளை’ எண்டுற மாமி இருக்கட்டும், பிரசாதத்தோட ஒரு நம்பரையும் குடுக்கிற அன்ரி இருக்கட்டும். கடைசியில தாலியைக் கழட்டி ஜீன்ஸ் மாட்டி விட்டு விடுதலை எண்டு மட்டும் முடிச்சுப்போடாதை, எனக்கு அதுதான் எரிச்சல், அவள் பொட்டு வச்சபடியே பொலிசுக்குப் போகலாம்.

இன்னொண்டு, முதல் டிராஃப்டை அம்மாட்டயே குடு. ‘கொஞ்சம் அனுசரிச்சுப் போ’ எண்டு போனில சொல்லுற தாய்க்கு வசனம் அவவே திருத்தித் தருவா.