ஜெர்சியின் நிறம் குற்றத்துக்குச் சான்றாகுமா?

கேள்வி: கொல்கத்தாவில் படிக்கும் என் தம்பி, சால்ட் லேக் மைதானத்தில் ஈஸ்ட் பெங்கால் – மோகன் பகான் கால்பந்து ஆட்டம் பார்க்கப் போனான். ஆட்டம் முடிந்து வெளியே ரசிகர்கள் அரசியல் முழக்கம் எழுப்ப, கல்வீச்சு நடந்திருக்கிறது. ஈஸ்ட் பெங்காலின் சிவப்பு மஞ்சள் ஜெர்சியோடு அவன் நிற்கும் ஒரு படத்தை வைத்துக் கலவர வழக்கில் சேர்த்துவிட்டார்கள். இப்போது ஜாமீனில் இருக்கிறான். குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் முடிந்துவிடும் என்கிறார்கள். செய்யலாமா?

பதில்: வேண்டாம், சகோதரி. அபராதம் மட்டும் விதித்தாலும் அது தண்டனைதான். நாளை அரசு வேலைக்கோ வெளிநாட்டு விசாவுக்கோ விண்ணப்பிக்கும்போது, "குற்றவாளி எனத் தீர்ப்பளிக்கப்பட்டதுண்டா" என்ற கேள்விக்கு உங்கள் தம்பி ஆம் என்றே எழுத வேண்டியிருக்கும். செய்யாத குற்றம் ஒருவர் தலையில் நிரந்தரமாக விழுவது பெரும்பாலும் இந்த அவசரத்தில்தான்.

இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 190ஆம் பிரிவின்படி, சட்டவிரோதக் கூட்டத்தின் பொது நோக்கத்துக்காக ஒருவர் செய்த குற்றத்துக்கு, அந்தக் கூட்டத்தின் உறுப்பினர் ஒவ்வொருவரும் பொறுப்பாவார். ஆபத்து இங்கேதான் இருக்கிறது: கல் எறிந்தவரும் பக்கத்தில் நின்றவரும் ஒரே வரிசையில் நிறுத்தப்படலாம். ஆனால், வெறுமனே வேடிக்கை பார்த்தவர் உறுப்பினராகிவிட மாட்டார். பொது நோக்கத்தில் அவருக்குப் பங்கு இருந்ததை அரசுத் தரப்பே நிரூபிக்க வேண்டும். பலர் மீது வழக்கு உள்ள கலவரங்களில், ஒருவரைப் பற்றி இரண்டு மூன்று சாட்சிகளாவது முரணின்றிச் சொல்கிறார்களா என்று பார்ப்பது நல்லது என 1964ஆம் ஆண்டு மசால்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஒரே நிறத்தில் ஆயிரக்கணக்கானோர் நிற்கும் இடத்தில் ஜெர்சி யாரையும் தனியாக அடையாளம் காட்டாது. அந்தப் படத்தில் முகம் தெளிவாக இருக்கிறதா, கையில் என்ன இருக்கிறது, எத்தனை மணிக்கு எடுத்தது, மின்னணுப் பதிவைச் சாட்சியமாக ஏற்கத் தேவையான, சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியத்தின் 63ஆம் பிரிவுச் சான்றிதழ் உள்ளதா என்பவற்றை வழக்கறிஞர் ஒவ்வொன்றாகக் கேட்க வேண்டும்.

முதல் வேலையாக, மைதான வாயில், மெட்ரோ நிலையம் ஆகியவற்றின் சிசிடிவி பதிவுகளைப் பாதுகாக்க நீதிமன்றத்தில் மனு போடுங்கள். பழைய பதிவுகள் தாமாக அழிந்துவிடும். மெட்ரோ ஸ்மார்ட் கார்டில் அவர் ஏறிய நேரம் பதிவாகியிருந்தால், கல்வீச்சு நேரத்தோடு ஒப்பிட அதுவே வலுவான ஆதாரம்.

2024 ஆகஸ்டில், ஆட்டம் ரத்தானபோதும் போட்டி அணிகளின் ரசிகர்கள் ஒன்றாகத் திரண்டு, ஆர்.ஜி.கர் மருத்துவமனையில் கொல்லப்பட்ட மருத்துவருக்கு நீதி கேட்டுத் தடியடி வாங்கிய ஊர் அது. அங்கே கால்பந்தும் அரசியலும் கலந்தே இருப்பதால் கட்சிக்காரர்கள் வந்து, "வழக்கை வாபஸ் வாங்க வைக்கிறோம்" என்று சொல்லக்கூடும். நீதிமன்றம் சம்மதிக்காமல் அரசு வழக்கறிஞரால் வழக்கைத் திரும்பப் பெற முடியாது. அந்த வாக்குறுதியை நம்பி, மனு போடுவதை ஒரு நாள்கூடத் தள்ளிப்போட வேண்டாம்.