வாசகர் கேள்வி: அடர்த்தி வேறுபாடும் பங்க் டீலர்ஷிப்பும்

கேள்வி: கோத்தகிரி அருகே இருபது ஆண்டுகளாகப் பெட்ரோல் பங்க் நடத்தி வருகிறேன். ஜனவரியில் ஒருநாள் அதிகாலை வந்த ஆய்வுக் குழு, டேங்கில் உள்ள பெட்ரோலின் அடர்த்தி இன்வாய்ஸில் உள்ளதோடு ஒத்துப்போகவில்லை என்று கூறி விற்பனையை நிறுத்திவிட்டது. இப்போது டீலர்ஷிப்பை ஏன் ரத்து செய்யக்கூடாது என்று விளக்கம் கேட்டு எண்ணெய் நிறுவனத்திடமிருந்து நோட்டீஸ் வந்திருக்கிறது. நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போகலாமா?

பதில்: நோட்டீஸ் நிலையிலேயே ரிட் மனு (நிறுவனத்தின் நடவடிக்கையை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டால், முதலில் பதில் கொடுங்கள் என்றுதான் நீதிமன்றம் பெரும்பாலும் சொல்லும். எனவே கெடுவுக்குள் எழுத்துப்பூர்வமான பதிலைக் கொடுத்து, ஒப்புகை வாங்கி வையுங்கள். பிற்பாடு வழக்கு எதுவாக இருந்தாலும், அந்தப் பதிலில் நீங்கள் எழுப்பியதும் எழுப்பாமல் விட்டதும்தான் அதன் அடித்தளமாக இருக்கும்.

அடர்த்தி வேறுபட்டால் கலப்படம் என்று சந்தேகிப்பார்கள்; ஆனால் வெப்பநிலை மாறினாலும் அடர்த்தி மாறும். எனவே பதிலில் வெப்பநிலையைப் பற்றி விரிவாக எழுதுங்கள். மலையில் பங்க் நடத்துகிறவர்கள் இதை விட்டுவிடுவதைப் பார்க்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது. பெட்ரோலின் வெப்பநிலை ஒரு டிகிரி குறைந்தால் அதன் அடர்த்தி கன மீட்டருக்கு ஏறத்தாழ 0.8 கிலோ கூடும். 15 டிகிரிக்கு மாற்றிக் கணக்கிட்ட பின் அனுமதிக்கப்படும் வேறுபாடோ 3 கிலோ மட்டுமே. நிலத்தடி டேங்கிலிருந்து எடுத்த பெட்ரோல் பனிக் காற்றில் ஜாடிக்குள் குளிர்ந்துகொண்டிருக்கும்போது அடர்த்தி அளக்கும் ஹைட்ரோமீட்டரை ஒரு நேரத்திலும் தெர்மாமீட்டரை வேறொரு நேரத்திலும் பார்த்திருந்தால், ஐந்து டிகிரி பிழையிலேயே 4 கிலோ வேறுபாடு வந்துவிடும். ஆய்வு அறிக்கையில் வெப்பநிலை குறிக்கப்பட்டிருக்கிறதா, டேங்கில் பழைய சரக்கு எவ்வளவு இருந்தது, அன்றைய அடர்த்திப் பதிவேட்டில் என்ன எழுதியிருக்கிறது என்ற மூன்றையும் கேட்டு, நகல்களையும் இணைத்துவிடுங்கள்.

அடுத்தது, சோதனைக்காக எடுக்கும் மாதிரிகள். பெட்ரோல், டீசல் முறைகேடுகளைத் தடுக்கும் 2005-ஆம் ஆண்டு ஆணையின்படி, பெட்ரோலில் ஒரு லிட்டர் வீதம் ஆறு மாதிரிகள் எடுத்து முத்திரையிட்டு, அவற்றில் இரண்டை டீலரிடம் ஒப்படைக்க வேண்டும். ஆய்வகத்துக்குப் பத்து நாட்களுக்குள் அனுப்ப வேண்டும். உங்கள் மாதிரிகளின் முத்திரை குலையாமல் பாதுகாத்து, மறுசோதனையை இப்போதே எழுதிக் கேளுங்கள்.

இத்தனைக்கும் பிறகு ரத்து உத்தரவு வந்தால், அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு போடலாம். ஒப்பந்தத்தில் நடுவர் தீர்ப்பு ஷரத்து (தகராறை நீதிமன்றத்துக்குப் பதில் நடுவரிடம் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனை) இருப்பதைக் காட்டி உங்களைத் திருப்பி அனுப்பப் பார்ப்பார்கள். ஆனால் இயற்கை நீதி மீறப்பட்டிருந்தால் மாற்று வழி இருப்பது மட்டுமே தடையாகாது என்று 2002-இல் இந்தியன் ஆயில் தரப்பாக இருந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறி, டீலர்ஷிப் ரத்தையும் நீக்கியது. 2010-இல் இந்துஸ்தான் பெட்ரோலியம் தொடர்பான வழக்கிலும், ஆய்வகச் சோதனை பற்றிய அறிவிப்பு டீலருக்கு முறையாகக் கிடைக்காததால் ரத்து உத்தரவு நிலைக்கவில்லை.

இவற்றைப் படித்துவிட்டு நம்பிக்கையை மிகையாக வளர்த்துக்கொள்ள வேண்டாம். கலப்படம் நடந்ததா இல்லையா என்பதை ரிட் நீதிமன்றம் சாட்சி விசாரித்து முடிவு செய்வதில்லை. நடைமுறை சரியாகப் பின்பற்றப்பட்டதா என்றே பார்க்கும். எண்ணெய் நிறுவனங்களின் 2012-ஆம் ஆண்டு ஒழுங்கு வழிகாட்டுதல்கள் கலப்படத்தை மிகக் கடுமையான குற்றமாக வகைப்படுத்தி, முதல் முறையிலேயே டீலர்ஷிப்பை ரத்து செய்ய இடமளிக்கின்றன. நடுவரிடம் போனாலும் நிலைமை எளிதல்ல: ஒப்பந்தமே நோட்டீஸ் கொடுத்து முடித்துக்கொள்ளக்கூடியதாக இருந்தால், ஏஜென்சியைத் திரும்பத் தர உத்தரவிட முடியாது, நோட்டீஸ் காலத்துக்கான இழப்பீடே கிடைக்கும் என்று ஒரு எரிவாயு ஏஜென்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ரிட் மனுவை உங்களுக்கு அத்தனை முக்கியமாக்குவது இதுதான்.

நீலகிரி மாவட்ட வழக்குகள் சென்னையில் தாக்கலாகும். இதே கேள்வியை அனுப்பிய கொடைக்கானல் வாசகருக்கு மதுரைக் கிளை. இருவரும் ரத்து உத்தரவு கைக்கு வந்த நாளைக் குறித்து வைத்து, நிறுவனத்துக்குள் மேல்முறையீடு செய்வதற்கான கெடுவை அன்றே சரிபாருங்கள்.