ஸ்கேலுக்கும் ஸ்கேலீனுக்கும் உறவில்லை

கேள்வி: தாதியர் பயிற்சியில் இருக்கும் என் மகள், கழுத்துத் தசைகளைப் படிக்கும்போது 'ஸ்கேலீன்' என்று ஒரு சொல்லைச் சொன்னாள். எட்டாம் ஆண்டில் படிக்கும் மகன் உடனே, "அது எங்கட கேத்திரகணிதச் சொல்லல்லோ அம்மா" என்றான். ஸ்கேலால் அளந்தால் மூன்று பக்கமும் வேறுவேறாக வரும், அதனால்தான் அது ஸ்கேலீன் முக்கோணி என்று ரியூசனில் ஆசிரியர் சொல்லிக் கொடுத்தாராம். அப்படியென்றால் கழுத்தில் எதை அளக்கிறார்கள்? இதற்கு ஒரு தமிழ்ச் சொல் இல்லாதபடியால்தானே எங்கள் பிள்ளைகள் தடுமாறுகிறார்கள்? எங்கள் ஊரான திருகோணமலையின் பெயரில் உள்ள திரிகோணமும் இந்த வகை முக்கோணிதானா?

– வாசகி, உப்புவெளி

பதில்: ரியூசன் ஆசிரியர் சொன்னது பிழை, அம்மா. தவறுதலாக வாயில் வந்துவிட்ட சொல் என்றால் விட்டுவிடலாம். இது அப்படியல்ல. பிள்ளையின் மனதில் ஒருமுறை பதிந்தால் ஆயுளுக்கும் போகாத வகைப் பிழை, ஏனென்றால் கேட்கும்போது அவ்வளவு பொருத்தமாக இருக்கிறது. ஒலி ஒத்துப்போனால் உறவு என்று முடிவுகட்டும் பழக்கம் எங்கள் வகுப்பறைகளில் நிறைய உண்டு. அதனால்தான் இந்த ஒரு கேள்விக்கு இவ்வளவு இடம் எடுத்துக்கொள்கிறேன்.

அளவுகோலைக் குறிக்கும் ஸ்கேல், இலத்தீனில் ஏணிக்கு வழங்கிய 'ஸ்காலா' என்ற சொல்லிலிருந்து வந்தது. அடிமட்டத்தில் உள்ள கோடுகளைப் பாருங்கள், ஏணிப்படி போலத்தான் இருக்கும். ஸ்கேலீன் கிரேக்கச் சொல். மூலம் 'ஸ்காலேநோஸ்'. சமனற்றது, கரடுமுரடானது என்பது அதன் பொருள். அதன் வேரைப் பற்றி அறிஞர்களிடையே இரண்டு கருத்து உண்டு. மண்ணைக் கொத்துவதைக் குறிக்கும் வினையோடு சேர்ப்பவர்கள் ஒரு சாரார், வளைவைக் குறிக்கும் சொற்களோடு சேர்ப்பவர்கள் இன்னொரு சாரார். கொத்திப்போட்ட நிலமோ வளைந்த தடியோ, இரண்டிலும் அளவுகோலுக்கு வேலையில்லை.

இந்தச் சொல்லை நான் மனதில் வைத்திருப்பது எங்கள் அம்மம்மாவின் முக்காலியால். குசினியில் அடுப்புக்குப் பக்கத்தில் கிடக்கும். ஒரு கால் அடியில் உக்கிக் குட்டையாகிவிட்டது. நாலு கால் கதிரையில் ஒரு கால் குட்டையானால் அது டக்டக் என்று ஆடும். முக்காலி ஆடாது. மூன்று முனையும் எப்போதும் நிலத்தைத் தொட்டுக்கொண்டுதான் இருக்கும், ஆனால் பலகை ஒரு பக்கம் சரிந்து நிற்கும். அம்மம்மா அதன் அடியில் ஒரு சிரட்டைத் துண்டை வைத்து அதிலேயே இருந்து தேங்காய் துருவுவார். அந்தச் சரிவுதான் ஸ்காலேநோஸ். அதில் உறுதிக்குக் குறைவில்லை, சமன் மட்டும் இல்லை. மகனுக்கு இந்த வேறுபாட்டைச் சொல்லுங்கள், ஏனென்றால் 'சமனில்லாதது' என்றவுடன் பிள்ளைகள் 'சரியில்லாதது' என்று எடுத்துக்கொள்கிறார்கள்.

கேத்திரகணிதத்துக்குள் இந்தச் சொல் வந்து இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுகள் ஆகின்றன. கி.மு. 300 அளவில் கிரேக்கக் கணித அறிஞர் யூக்ளிட் தன் நூலின் முதல் புத்தகத்தில், முக்கோணிகளைப் பக்கங்களால் மூன்றாகப் பிரிக்கிறார்: மூன்று பக்கமும் சமன், இரண்டு பக்கம் மட்டும் சமன், ஒன்றுக்கொன்று சமனில்லாத மூன்று பக்கம். கடைசியானதுதான் ஸ்கேலீன். நடுவில் உள்ள இருசமபக்க முக்கோணியின் கிரேக்கப் பெயருக்குச் சமமான கால்களை உடையது என்று பொருள். ஆக, கால் பற்றிய பேச்சு அம்மம்மாவின் முக்காலியோடு மட்டும் நிற்கவில்லை.

அதற்கும் முன்பே பிளேட்டோ இதே சொல்லை எண்களுக்குப் பயன்படுத்தியிருக்கிறார். அவருடைய யூதிப்ரோ உரையாடலில், இரட்டை எண் எது என்ற பேச்சு வரும்போது, ஸ்கேலீன் அல்லாத, சமகால் உள்ள எண் என்று சோக்கிரதர் சொல்கிறார். அப்படியென்றால் ஒற்றை எண்தான் ஸ்கேலீன் எண். கைக்குள் புளியங்கொட்டையை மூடிக்கொண்டு ஒற்றையா இரட்டையா என்று கேட்டு விளையாடியவர்களுக்கு இது உடனே விளங்கும். இரண்டு குவியலாகப் பிரித்தால் ஒரு பக்கம் ஒரு கொட்டை மிஞ்சி, ஒரு கால் நீளமாகிவிடுகிறது. ஒற்றை எண்ணை இதைவிட அழகாக ஒருவர் சொல்லி நான் படித்ததில்லை.

பின்னால் வந்த இன்னொரு கிரேக்கக் கணித அறிஞர் அப்பலோனியஸ், அச்சு அடித்தளத்துக்குச் செங்குத்தாக நிற்காமல் சரிந்து நிற்கும் கூம்பையும் ஸ்கேலீன் கூம்பு என்றார். கனிமவியலிலும் இச்சொல் உண்டு. கல்சைட் பளிங்குகளில் நாய்ப்பல் போலக் கூர்ந்து வளரும் ஒரு வகையின் முகங்கள் எல்லாம் சமனில்பக்க முக்கோணிகள், அந்த வடிவத்தின் பெயரும் ஸ்கேலீனிலிருந்தே ஆனது. இவை பரீட்சைக்கு வராது.

பரீட்சைக்கு வருவது இதுதான். மகனின் கேத்திரகணிதப் பெட்டியைத் திறந்தால் இரண்டு மூலைமட்டங்கள் இருக்கும். 45, 45, 90 பாகை உள்ளது இருசமபக்கம். 30, 60, 90 பாகை உள்ளது ஸ்கேலீன். எத்தனையோ பிள்ளைகள், ஸ்கேலீன் என்றால் செங்கோணம் இல்லாத, பார்க்கவே விகாரமான முக்கோணி என்று நினைக்கிறார்கள். புத்தகங்களில் அதை எப்போதும் இழுத்து நீட்டி வரைந்து காட்டுவதால் வந்த வினை. 3, 4, 5 சென்ரிமீற்றர் பக்கங்களுள்ள செங்கோண முக்கோணியும் ஸ்கேலீன்தான். கூர்ங்கோண முக்கோணியிலும் விரிகோண முக்கோணியிலும் ஸ்கேலீன் வரும். பக்கம் மூன்றும் வேறு, ஆகவே கோணம் மூன்றும் வேறு, மடித்துப் பார்த்தால் எந்தப் பக்கத்திலும் ஒன்றன்மேல் ஒன்று படியாது. அவ்வளவுதான் நிபந்தனை.

இனி மகளின் கழுத்துத் தசை. அங்கே யாரும் எதையும் அளக்கவில்லை. கழுத்தின் ஒவ்வொரு பக்கமும் முன், நடு, பின் என்று மூன்று ஸ்கேலீன் தசைகள் உண்டு. கழுத்தின் முள்ளந்தண்டென்புகளின் பக்க முனைகளில் தொடங்கிச் சரிந்து இறங்குகின்றன. முன்னதும் நடுவிலுள்ளதும் முதலாம் விலா என்பில் வந்து பொருந்தும், பின்னது இரண்டாம் விலா என்பில் பொருந்தும். பக்கவாட்டில் பார்த்தால், நீளம் வேறுபட்ட பக்கங்களுள்ள முக்கோணி போல விழுகின்றன. அந்த உருவத்தைக் கொண்டே பழைய உடற்கூற்றியலாளர்கள் கேத்திரகணிதப் பெயரை இங்கே கொண்டுவந்தார்கள். சொல் ஒன்று, பொருளும் ஒன்று, தொழிற்படும் இடம்தான் இரண்டு.

மகளிடம் இதைச் செய்து பார்க்கச் சொல்லுங்கள். காறை என்புக்குச் சற்று மேலே, காதின் பின்னாலிருந்து நெஞ்சுக்கு இறங்கும் பெரிய தசைக்குப் பின்பக்கமாக, இரண்டு விரல்களை மெதுவாக வைத்து மூச்சை ஆழமாக இழுத்தால் உள்ளே ஒன்று இறுகும். மேல் விலாக்களைத் தூக்கிப் பிடிக்கும் ஸ்கேலீன்தான் அது. தொய்வு (ஆஸ்துமா) கடுமையாகி நோயாளி மூச்சுக்குத் திணறும்போது கழுத்து இழுபடுவதை வார்டில் அவள் பார்த்திருப்பாள். அந்த வேலையில் இந்தத் தசைகளுக்குப் பங்கு உண்டு.

இன்னொன்றையும் அவள் மறக்கக்கூடாது. கைக்குப் போகும் நரம்புப் பின்னலும் பெரிய நாடியும் முன் ஸ்கேலீனுக்கும் நடு ஸ்கேலீனுக்கும் இடையிலுள்ள சந்தால் போகின்றன. கையிலிருந்து இரத்தத்தைத் திருப்பிக் கொண்டுவரும் நாளம் மட்டும் முன் தசைக்கு முன்னால் போகிறது. அந்தச் சந்து நெருக்கப்பட்டால் கை விறைக்கும், வலிக்கும். தோள்மூட்டில் சத்திரசிகிச்சை செய்யும்போது நரம்பை மரக்கச் செய்ய ஊசி போடும் இடங்களில் அதுவும் ஒன்று. ஆகவே 'இன்டர்ஸ்கேலீன்' என்று அவள் கேட்டால், இரண்டு ஸ்கேலீனுக்கும் இடையில் என்று உடனே விளங்கவேண்டும். ஸ்கேலை நினைத்துக்கொண்டிருந்தால் விளங்காது.

தமிழில் சொல் இல்லை என்பது உங்கள் அடுத்த குறை. அதை நான் ஏற்கவில்லை. எங்கள் பாடப்புத்தகத்தில் 'சமனில்பக்க முக்கோணி' என்று இருக்கிறது. தமிழ்நாட்டில் 'அசமபக்க முக்கோணம்' என்கிறார்கள். கிரேக்கச் சொல் ஒரு உருவத்தைக் காட்டிவிட்டு நிற்கிறது. எங்கள் சொல் வரைவிலக்கணத்தையே சொல்லிவிடுகிறது. அகராதி பார்க்காமல் ஒரு பிள்ளை முக்கோணியை வரைந்து காட்டக்கூடிய சொல்லை வைத்துக்கொண்டு, அதனால் பின்தங்குகிறோம் என்று சொல்வது நியாயமில்லை. பிள்ளை தடுமாறியது தமிழால் அல்ல, தவறாகச் சொல்லிக் கொடுத்ததால்.

தசைக்கு என்ன சொல்வது என்பதுதான் உண்மையான சிக்கல். 'கோணல் தசை' என்று சிலர் எழுதக்கூடும். எனக்கு அதில் உடன்பாடில்லை. கோணல் தமிழில் பழியைச் சுமக்கும் சொல். வாய் கோணல், புத்தி கோணல் என்கிறோம். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம் என்ற பழமொழியில் கோணல் ஒரு குறை. "உங்களுக்குக் கோணல் தசையில் நோ" என்று ஒரு தாதி சொன்னால் கட்டிலில் கிடப்பவர் பயந்துபோவார். 'சமனில் தசை' என்றாலும், ஏதோ தசை பழுதாகிவிட்டது என்றே கேட்கும். கேத்திரகணிதத்தில் குற்றமில்லாத பெயரடை, மனித உடம்பின் மேல் வைத்தவுடன் குற்றச்சாட்டாகிவிடுகிறது. ஆகவே வார்டில் ஸ்கேலீன் என்றே சொல்லட்டும், நோயாளிக்கு 'கழுத்தின் பக்கத் தசை' என்று விளக்கட்டும். யாரும் அஞ்சமாட்டார்கள், எதுவும் பிழையாகவும் போகாது.

சமன், கோணல் என்ற இந்த இரண்டு சொல்லின் உறவுகளையும் பக்கத்தில் பக்கத்தில் பார்க்க விரும்பினால் 118ஆம் குறளை எடுங்கள். 'சமன்செய்து சீர்தூக்கும் கோல்போல் அமைந்தொருபால் கோடாமை' என்கிறார் வள்ளுவர். சமன் அங்கே இருக்கிறது, ஒரு பக்கம் சரிவதைக் குறிக்கும் கோடுதலும் இருக்கிறது. கோடு, கோணு, கோணல் எல்லாம் ஒரு குடும்பம்.

ஊர்ப் பெயரைப் பற்றிக் கேட்டீர்கள். திரிகோணம், அதாவது மூன்று கோணமுள்ள மலை என்ற விளக்கம் நெடுநாளாகப் புழங்குகிறது. ஆனால் 7ஆம் நூற்றாண்டில் சம்பந்தர் பாடிய பதிகத்தில் 'கோணமாமலை' என்றுதான் வருகிறது. அதில் 'திரி' கிடையாது. கோணமலைக்கு முன்னால் மரியாதைக்கு நிற்பது 'திரு' என்றே நான் கொள்கிறேன். கோணேசர் கோயில் இருக்கும் சுவாமிமலையில் ஏறிக் கடலுக்குள் நீட்டிக்கொண்டு நிற்கும் அந்தப் பாறையைப் பார்த்தவர்களுக்குக் கோணம் என்ற பெயர் ஏன் வந்தது என்று தனியாகச் சொல்லவேண்டியதில்லை. ஸ்கேலீனுக்கும் அதற்கும் சொல்லுறவு எதுவும் இல்லை. இங்கேயும் ஒலியை நம்பவேண்டாம்.

மகனின் கொப்பியில் 'ஸ்கேல்' என்று எழுதிய வரியை இன்றைக்கே வெட்டிவிட்டு, பக்கத்தில் 30 பாகை மூலைமட்டத்தை வைத்து ஒரு முக்கோணி வரையச் சொல்லுங்கள். கீழே 'சமனில்பக்க முக்கோணி' என்று தமிழிலும் எழுதட்டும்.