வாசகர் கேள்விகள்: ஏஐ செயலி எப்போது எழுதும், எப்போது மறுக்கும்?

கேள்வி: நான் துப்பறியும் கதைகள் எழுதுபவள். நஞ்சு கலந்த பானத்தை ஒருத்தி நீட்டும் காட்சியை ஏஐ செயலியிடம் கேட்டால் எழுதித் தருகிறது. அதையே சற்று விரிவாகக் கேட்டால் 'இதற்கு உதவ இயலாது' என்கிறது. கதைக்கும் குற்றத்துக்கும் உள்ள வேறுபாடு அதற்குத் தெரியாதா?

பதில்: வேறுபாடு தெரியும், கேட்பவர் யார் என்பதுதான் தெரியாது. அதன் கைக்குக் கிடைப்பவை பெரும்பாலும் நீங்கள் தட்டச்சு செய்த வரிகளும் அந்த உரையாடலில் முன்னர் பேசியவையுமே. அதே வரிகளை எத்தகையோரெல்லாம் எழுதக்கூடும், விடை அவர்களிடம் போய்ச் சேர்ந்தால் என்ன விளையும் என்று ஊகித்து நடந்துகொள்ளவே இச்செயலிகள் பழக்கப்படுத்தப்பட்டுள்ளன. கோப்பையை நீட்டும்போது அவள் கை நடுங்கியது என்று எழுதுவதால் எவருக்கும் கேடில்லை. ஆனால் எந்த நஞ்சு, எத்தனை மில்லிகிராம், பிரேதப் பரிசோதனையில் அகப்படாதிருக்க என்ன வழி என்று கேட்டால், கதை என்ற போர்வையை நீக்கிய பின்பும் அந்த விடை அப்படியே பயன்படும் என்பதால் செயலி பின்வாங்குகிறது. இதில் எழுத்தாளருக்குப் பெரிய இழப்பு இருப்பதாக நான் கருதவில்லை. வாசகரைக் கட்டிப்போடுவது அச்சமே தவிர, மில்லிகிராம் கணக்கு அன்று.

இந்தப் பழக்கம் பயிற்சியில் வருவது. ஒரே கோரிக்கைக்கு மாதிரி (செயலியின் உள்ளே இருந்து விடையை உருவாக்கும் மென்பொருள்) தரும் பல விடைகளை மனிதர்கள் தரம் பிரித்து வரிசைப்படுத்த, அந்த விருப்பத்தைக் கொண்டு அதை மீண்டும் பயிற்றுவிக்கும் முறையை ஓப்பன்ஏஐ நிறுவனம் 2022இல் விரிவாக விளக்கியது. அதே ஆண்டின் இறுதியில் ஆந்த்ரோபிக் நிறுவனம், எழுதிவைத்த கொள்கைகளின்படி மாதிரியே தன் விடையை விமர்சித்துத் திருத்திக்கொள்ளும் முறையை முன்வைத்தது. சில செயலிகளில் கோரிக்கையையும் விடையையும் தனியே சலித்துப் பார்க்கும் வேறொரு மென்பொருளும் உண்டு. விடையின் சொற்கள் நிகழ்தகவின்படி தேர்ந்தெடுக்கப்படுவதால், எல்லையில் நிற்கும் கோரிக்கை ஒன்றுக்கு, ஒரு சொல்லும் மாறாமல் கேட்டாலும், இருவேறு விடைகள் வரக்கூடும். அளவுக்கு மீறிய எச்சரிக்கையும் ஒரு பிழைதான். கணினியில் ஓடும் பைத்தான் நிரலை (பைத்தான் என்பது ஒரு நிரல்மொழி) 'எப்படிக் கொல்வது', அதாவது எப்படி நிறுத்துவது, என்பது போன்ற தீங்கற்ற கேள்விகளுக்கும் மாதிரிகள் மறுப்புச் சொல்கின்றனவா என்று சோதிப்பதற்கென்றே 2023இல் ஒரு வினாத்தொகுப்பு உருவாக்கப்பட்டது.

கேள்வி: கடனைத் திருப்பித் தராத நண்பருக்கு, 'அவன் பயப்படும்படி ஒரு கடிதம்' கேட்டேன். வழவழவென்று ஒரு கடிதம் வந்தது. புரியவில்லை என்றால் என்னிடமே கேட்டிருக்கலாமே?

பதில்: கேட்டிருக்க வேண்டும் என்பதே என் கருத்தும். ஆயினும் திருப்பிக் கேள்வி கேட்பதைவிட முழு விடையை உடனே தருவதற்கே இவை பெரிதும் பழகியிருப்பதால், நீங்கள் சொல்லாமல் விட்டவற்றை வழக்கமான ஊகங்களால் நிரப்பிக்கொள்கின்றன. 'பயப்படும்படி' என்பது சட்ட நடவடிக்கை பற்றிய எச்சரிக்கையாகவும் இருக்கலாம், அடியாள் மிரட்டலாகவும் இருக்கலாம். நல்ல செயலி முதல் பொருளை எடுத்துக்கொண்டு, கடுமையான ஆனால் முறையான கடிதம் ஒன்றை எழுதி, மிரட்டலைச் சேர்க்கவில்லை என்பதையும் ஒரு வரியில் சொல்லிவிடும். சொல்லாமலே சாரத்தைப் பிழிந்துவிட்டுச் சக்கையை நீட்டுவது வெளிப்படையான மறுப்பைவிட மோசமானது. மறுத்தால் வேறு வழியையாவது தேடலாம். அடுத்த முறை கடன் தொகை, கொடுத்த நாள், எதற்குள் பணம் வர வேண்டும், தவறினால் நீங்கள் எடுக்கவிருக்கும் சட்டப்படியான நடவடிக்கை ஆகியவற்றைக் குறிப்பிட்டு, 'ஐயம் இருந்தால் எழுதும் முன் என்னைக் கேள்' என்றும் சேர்த்துப் பாருங்கள்.

கேள்வி: ஆங்கிலத்தில் மறுப்பதை வேறு மொழியில் கேட்டால் தந்துவிடும் என்கிறார்களே, உண்மையா?

பதில்: ஒரு காலத்தில் வெகுவாக உண்மை. தீங்கான கோரிக்கைகளை ஜூலு போன்ற, இணையத்தில் எழுத்து வளம் குறைந்த மொழிகளுக்கு மாற்றிக் கேட்டால் ஓப்பன்ஏஐயின் ஜிபிடி-4 என்ற மாதிரியின் தடைகள் பல வேளைகளில் தளர்ந்துவிடுவதை அமெரிக்காவின் பிரவுன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2023இல் காட்டினார்கள். பாதுகாப்புப் பயிற்சி பெரும்பாலும் ஆங்கிலத்தில் நடந்திருந்ததே காரணம். அதே குறைபாட்டுக்கு மறுபக்கமும் உண்டு: பயிற்சி குறைந்த மொழியில் நியாயமான கோரிக்கையின் நுணுக்கமும் தவறவிடப்பட்டு, தேவையற்ற மறுப்பு வரக்கூடும்.