கணவாயும் தண்ணீர் பாட்டிலும்

அன்புள்ள அக்கா,

நேபாளத்தின் அன்னபூர்ணா மலைச்சுற்றுப் பாதையில் நடந்ததைப் பற்றி ஒரு கூட்டத்தில் நீங்கள் பேசியதைக் கேட்டேன். எனக்கு வயது 29. திருச்சியில் ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் வேலை. கல்லூரியில் படிக்கும்போது நிறைய கதை எழுதினேன். ஐந்து வருடமாக ஒரு வரி வரவில்லை. வேலையை விட்டுவிட்டு ஆறு மாதம் தனியாக இமயமலைப் பக்கம் போகலாம் என்று இருக்கிறேன். அங்கே போனால் நான் யார் என்பது எனக்குத் தெரியவரும், எழுத்தும் திரும்பி வரும் என்று மனதுக்குப் படுகிறது. வீட்டில் "பைத்தியமா உனக்கு?" என்கிறார்கள். உங்களுக்கு அப்படி ஏதாவது கிடைத்ததா? உண்மையைச் சொல்லுங்கள்.

(பெயர் வெளியிட வேண்டாம்)

அன்புள்ள தங்கைக்கு,

போய் வாருங்கள். அதை முதலில் சொல்லிவிடுகிறேன். வேலையை மட்டும் இப்போதைக்கு விடாதீர்கள். ஏன் என்று பிறகு சொல்கிறேன். கிடைத்ததா என்று கேட்டீர்கள் அல்லவா, அதற்கு வருகிறேன்.

நான் போனபோது எனக்கு வயது 41. சாமே வரை ஜீப், அங்கிருந்து நடை. மனாங்கில் இரண்டு இரவு தங்கி, யாக் கர்க்கா, தொரோங் பேதி என்று ஏறி, கணவாய்க்குக் கீழே உள்ள கடைசி முகாமுக்குப் போனோம். தொரோங் கணவாயின் உயரம் 5,416 மீட்டர். அங்கே ஒரு மூச்சில் கிடைக்கும் ஆக்சிஜன், கடற்கரையில் கிடைப்பதில் ஏறக்குறைய பாதிதான். பத்து அடி வைத்தால் நிற்க வேண்டும். விடிவதற்குள் கிளம்பிவிடுவார்கள், ஏனென்றால் வெயில் ஏறியபின் மேலே காற்று பேயாக அடிக்கும்.

அந்த விடிகாலை நாலரை மணிக்கு, தலைவலியோடு, நெற்றியில் கட்டிய விளக்கு வெளிச்சத்தில் நடந்துகொண்டிருந்தேன். தண்ணீர் குடிக்கலாம் என்று பையின் பக்கவாட்டில் கைவிட்டால் பாட்டில் இல்லை. எனக்குச் சுமை தூக்க வந்த தம்பிக்கு இருபத்திரண்டு வயது இருக்கும். அரைகுறை இந்தியில் அவனைப் பிடித்துக் கத்தினேன். "ஒரு பாட்டிலைக்கூட ஒழுங்காகப் பார்த்துக்க முடியாதா?" அவன் ஒன்றும் சொல்லவில்லை. கையுறையைக் கழற்றி, மேல்சட்டையின் ஜிப்பை இறக்கி, உள்ளே பனியனை ஒட்டி வைத்திருந்த என் பாட்டிலை எடுத்துக் கொடுத்தான். தண்ணீர் வெதுவெதுப்பாக இருந்தது. எங்களோடு வந்த மற்றவர்களின் பாட்டில்களில் தண்ணீர் கட்டியாக உறைந்திருந்தது. என்னுடையது உறையக்கூடாது என்று, கிளம்பும் முன்பே சமையலறையில் வெந்நீர் பிடித்துத் தன் உடம்புச் சூட்டில் வைத்துக்கொண்டு வந்திருக்கிறான்.

அந்த இடத்தில் வேறு சத்தமே கிடையாது. அதனால் நான் கத்தியது எனக்கே நன்றாகக் கேட்டது. அது எனக்குப் பழக்கமான குரல். எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்க்க வரும் அம்மாவிடம் பதினோரு வருடமாக அதே குரலில்தான் பேசியிருக்கிறேன். மிக்ஸி, டிவி, தெருவின் ஹாரன் இவற்றுக்கு நடுவில் அது என் காதில் ஒருநாளும் விழுந்ததில்லை.

நான் யார் என்பதில் எனக்குத் தெரியவந்தது அவ்வளவுதான். அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். "சலோ தீதி (வாங்க அக்கா), காற்று வரும்" என்றான்.

ஊர் திரும்பி ஒரு வருடம் எதுவும் எழுதவில்லை. பிறகு ஒரு கதை வந்தது, பாத்திரம் தேய்க்கும் அந்த அம்மாவைப் பற்றி. அதில் மலையே கிடையாது. கணவாயைப் பற்றி எழுத நான்கைந்து தடவை உட்கார்ந்தேன், எல்லாம் அஞ்சல் அட்டைப் படம் மாதிரி வந்தது, கிழித்துப் போட்டேன். ஆகவே இமயமலைக்குப் போனால் இமயமலைக் கதை வரும் என்று எதிர்பார்க்காதீர்கள். வந்தாலும் அங்கேயே வராது.

கணவாயிலிருந்து ஒரே நாளில் 1,600 மீட்டர் இறங்கினால் முக்திநாத். நம் 108 திவ்ய தேசங்களில் ஒன்று. திருமங்கையாழ்வார் பாசுரத்துக்குப் பாசுரம் "சாளக்கிராமம் அடை நெஞ்சே" என்று பாடிய இடம். காலைப் பார்த்துச் சொல்லாமல் நெஞ்சைப் பார்த்து ஏன் சொல்கிறார் என்பது முழங்கால் நடுங்க அந்த இறக்கத்தில் வந்தபோதுதான் புரிந்தது. என் பாட்டிக்கு அந்தப் பத்துப் பாசுரமும் மனப்பாடம், அவள் காஞ்சிபுரம் தாண்டியதில்லை. தாத்தா தினமும் திருமஞ்சனம் செய்த சாளக்கிராமக் கல் காளி கண்டகி ஆற்றில் கிடைப்பது. உள்ளே சுருள் சுருளாக வரி இருக்கும். அது அம்மோனைட் என்ற கடல் உயிரியின் ஓட்டுத் தடம். இமயம் எழும்புவதற்கு முன் அங்கே இருந்த டெதிஸ் கடலில் வாழ்ந்தது, பத்துக் கோடி ஆண்டுக்கும் மேல் பழையது. ஆற்றங்கரையில் ஒன்றைக் கையில் எடுத்து அந்த வரியை விரலால் தடவியபோது அழுதுவிட்டேன். பாட்டியை நினைத்தா, கடலை நினைத்தா, தெரியவில்லை.

சரி, இப்போது கொஞ்சம் கண்டிப்பு. முதல் தடவை தனியாகப் போகாதீர்கள். 2014 அக்டோபர் 12 அன்று விசாகப்பட்டினத்தைத் தாக்கிய ஹுத்ஹுத் புயல், இரண்டே நாளில் இந்தக் கணவாய்ப் பக்கம் பனியாகக் கொட்டியது. 40 பேருக்கும் மேல் இறந்தார்கள், உள்ளூர்க்காரர்களும் உண்டு. வானிலை சரியில்லை என்று வழிகாட்டி சொன்னால் அன்றைக்கு நடை கிடையாது. 3,000 மீட்டருக்கு மேல் போனபின், இரவு தங்கும் உயரம் நாளுக்கு 500 மீட்டருக்கு மேல் கூடக்கூடாது. தலைவலியோடு வாந்தியோ தள்ளாட்டமோ வந்தால் இறங்கிவிட வேண்டும். மனாங்கில் இமாலய மீட்புச் சங்கத்தின் மருத்துவ முகாம் இருக்கிறது, சீசனில் உயர நோய் பற்றி டாக்டர்கள் பேசுவார்கள். அலட்சியம் செய்யாமல் போய் உட்காருங்கள். லேசான தலைவலிதானே என்று நான் மேலே ஏறியது தப்பு, அதை நீங்கள் செய்ய வேண்டாம்.

வேலையை விட வேண்டாம் என்றது இதற்காகத்தான்: இந்தச் சுற்றுக்கு மூன்று வாரம் போதும். வேலையை விட்டுவிட்டுப் போனால் ஒவ்வொரு நாளும் "எனக்கு என்ன கிடைத்தது?" என்று கணக்குப் பார்க்கத் தொடங்கிவிடுவீர்கள். அந்தக் கேள்வியோடு நடப்பவருக்கு, முன்னால் நடப்பவனின் சட்டைக்குள் என்ன இருக்கிறது என்பது கண்ணில் படாது. செப்டம்பர், அக்டோபரில் உங்கள் அலுவலகத்தில் லீவு கொடுக்க மாட்டார்கள். நவம்பர் முதல் வாரத்திலிருந்து கேட்டுப் பாருங்கள், அப்போது வானமும் பெரும்பாலும் தெளிவாக இருக்கும்.

அம்மா அப்பாவிடம் இந்தக் கடிதத்தைக் காட்டுங்கள். தேதி முடிவானதும் எழுதுங்கள். என்னிடம் நல்ல கம்பளிக் கையுறை இரண்டு ஜோடி இருக்கிறது. ஒன்று உங்களுக்கு, இன்னொன்று உங்கள் பையைத் தூக்க வருகிறவருக்கு. இரண்டையும் அனுப்பி வைக்கிறேன்.

அன்புடன்,
அக்கா